அவன்தான் கேமரா

போன மாதம் என் மகன் செல்போனில் ஒரு பழைய படத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்துக்கொண்டிருந்தான். எழவு வீட்டுக் காட்சி. பாடை, தலைமாட்டில் கதாநாயகன், சுற்றிலும் பத்துப் பதினைந்து பெண்கள். "இதுல அத்தைப் பாட்டி யாருப்பா?" என்றான். இடது பக்கம் மூன்றாவது ஆள், பச்சைச் சேலை என்று காட்டினேன். மொத்தம் 11 விநாடி. அதில் பாதி நேரம் கதாநாயகனின் தோள் மறைக்கிறது.

அத்தை என் அப்பாவின் அக்கா. கோத்தகிரிப் பக்கம் எங்கள் தோட்டத்தில் முதலில் 'சினிமாக்காரம்மா' என்றார்கள், பிற்பாடு 'டைரக்டரம்மா' ஆகிவிட்டது. இரண்டுமே கிண்டலில் தொடங்கிய பேர்கள்தான். நான் தேடிப் பிடித்த வரையில் நாலு படங்களில் அத்தையின் முகம் இருக்கிறது. நாலிலும் அழுகிறார்.

மெட்ராஸ் போயிருந்தால் அத்தை எங்கேயோ போயிருப்பார் என்று, எங்கள் சொந்தத்தில் எந்தக் கல்யாணத்துக்குப் போனாலும் பந்தியில் யாராவது ஆரம்பிப்பார்கள். எனக்கு அப்படித் தோன்றியதில்லை. அந்த 11 விநாடியை நூறு தடவையாவது பார்த்திருப்பேன். பாடையை இறக்கி வைப்பதற்கு முன்பே அத்தை மாரில் அடித்துக்கொள்ள ஆரம்பித்துவிடுகிறார். ஒருநாள் கேட்டேவிட்டேன். "அந்தப் பையன் கையக் காட்டுனான், நான் அழுதேன். பாடை லேட்டா வந்தா நான் என்னடா செய்யிறது?" என்றார்.

சினிமாவில் அத்தை செய்தது கூலி வேலை. எங்கள் ஆட்களுக்குப் பழக்கமான விஷயம்தான். ஆனால் அந்த வேலையிலிருந்து அவர் முந்தானையில் முடிந்து கொண்டுவந்த சமாச்சாரம் வேறு. அதைச் சொல்ல வேண்டுமென்றால் கப்பலிலிருந்து தொடங்க வேண்டும்.

நாங்கள் சிலோன்காரர்கள். 1964 அக்டோபரில் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் போட்ட ஒப்பந்தத்தில், மலைநாட்டுத் தோட்டங்களில் இருந்தவர்களில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று பிரித்துக்கொண்டார்கள். எங்கள் தாத்தா முதல் கணக்கில் விழுந்தார். அட்டன் பக்கத்து லயத்திலிருந்து, அதாவது தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீட்டிலிருந்து, தலைமன்னார் வரை ரயில், அங்கிருந்து ராமானுஜம் கப்பலில் ராமேஸ்வரம், அப்புறம் மண்டபம் முகாம். இப்படி வந்தவர்களுக்கு வேலை கொடுக்கத்தான் 1968-ல் நீலகிரியில் அரசுத் தேயிலைத் திட்டம் தொடங்கினார்கள். 1976-ல் அது டான்டீ என்ற கழகமானது. எங்கள் குடும்பம் மலையேறியது 1974-ல். அத்தைக்கு அப்போது 20 வயது.

தாத்தா சிலோனில் காமன் கூத்து மாஸ்டர். மண்டபத்தில் பெட்டியைத் திறந்து பார்த்த அதிகாரி, உள்ளே சரிகைத் தாள் ஒட்டிய அட்டைக் கிரீடமும் ஜிகினா ரவிக்கையும் இருப்பதைக் கண்டு, "இதுல டான்ஸ் ஆடுறது யாரும்மா?" என்று அத்தையைப் பார்த்துக் கேட்டாராம். தாத்தா கையைத் தூக்கியிருக்கிறார். பாட்டி சாகும்வரை இதைச் சொல்லிச் சொல்லித் திட்டினார்: "ஊரு சனமெல்லாம் தையல் மிசினு கொண்டாந்துச்சு, இந்த மனுசன் பொம்பள வேசத்தக் கொண்டாந்தாரு."

கூத்தைப் பற்றி அப்புறம் வருகிறேன். முதலில் ஷூட்டிங்.

எண்பதுகளின் தொடக்கத்தில் ஊட்டியில் படப்பிடிப்பு இல்லாத நாள் குறைவு. ஊட்டியிலிருந்து கூடலூர் போகும் சாலையில் ஒன்பதாவது மைலுக்கு இன்றைக்கும் ஷூட்டிங் மட்டம் என்றே பேர். டூயட்டுக்கு மலை போதும், ஆள் வேண்டாம். ஆனால் கதையில் ஒரு சாவோ பஞ்சாயத்தோ வந்தால் கூட்டம் வேண்டும். மெட்ராஸிலிருந்து அத்தனை பேரையும் பஸ் ஏற்றிக் கொண்டுவந்தால் கட்டுப்படியாகாது. அதனால் ஒரு ஏஜென்ட் ஞாயிற்றுக்கிழமைகளில் வேன் எடுத்துக்கொண்டு தோட்டம் தோட்டமாக வருவார். ஒருநாள் லயத்து வாசலில் நின்று, "ஒப்பாரி தெரிஞ்ச பொம்பளைங்க யாராச்சும் இருக்கீங்களா?" என்று கேட்டிருக்கிறார். அத்தை கைதூக்கினார். ஒரு நாளைக்குப் பேட்டா 25 ரூபாய், ஒரு பொட்டலம் தயிர்ச்சோறு. கம்பெனி கொடுத்தது 40 என்பது பிறகுதான் தெரிந்தது. இடையில் இருந்த 15 எங்கே போனது என்று கேட்ட பெண்களை அடுத்த வாரம் வேனில் ஏற்றவில்லை. அத்தை கேட்கவில்லை. "கேட்டிருக்கணும்" என்று இப்போது சொல்கிறார்.

வேன் போகும் வழியில் இந்து நகர். அங்கேதான் இந்துஸ்தான் போட்டோ ஃபிலிம்ஸ் ஆலை, 1960-ல் தொடங்கிய அரசு நிறுவனம். ஃபிலிமில் மருந்து பூசுவதை இருட்டில்தான் செய்ய வேண்டும் என்பதால், உள்ளே ஆட்கள் கும்மிருட்டில் நடந்து வேலை செய்வார்கள். ஃபிலிம் செய்யும் ஊருக்குத்தான் சினிமா எடுக்கப் போகிறோம் என்று வேனில் ஒரே பெருமையாம். நிலவரம் வேறு. சினிமாக்காரர்கள் அதற்குள் வண்ணத்துக்கு மாறியிருந்தார்கள். இந்த ஆலையின் பலம் கறுப்பு வெள்ளையிலும், ஆஸ்பத்திரிக்குப் போகும் எக்ஸ்ரே ஃபிலிமிலும் இருந்தது. பின்னாளில் அத்தைக்கு விடாத இருமல் வந்து எக்ஸ்ரே எடுத்தபோது, கம்பவுண்டர் உறையைக் காட்டி "நம்ம ஊட்டி சரக்குதாம்மா" என்றாராம். அன்றிலிருந்து அத்தைக்கு இது ஒரு நிரந்தர ஜோக்: "என் மூஞ்சிய ஊட்டி பிலிம்ல ஒருத்தனும் எடுக்கல. நெஞ்சத்தான் எடுத்தானுக." ஆலை இப்போது மூடிக் கிடக்கிறது.

முதல் நாள் ஷூட்டிங்கில் உதவி இயக்குநர் ஒருவர், சின்னப் பையன், கையில் மெகாபோனோடு வந்து இரண்டு கட்டளை போட்டார். ஒன்று, கை காட்டியதும் அழ வேண்டும். இரண்டு, என்ன நடந்தாலும் கேமராவைப் பார்க்கக் கூடாது. முதலாவது சுலபம். இரண்டாவதுதான் பெரும்பாடு. அத்தனை பெரிய வஸ்து கண்ணெதிரே நிற்கிறது, தண்டவாளத்தில் வேறு உருண்டு வருகிறது, அதைப் பார்க்காமல் எப்படி இருக்க முடியும்? பக்கத்து லயத்து அம்மா ஒருவர் பார்த்துப் பார்த்து மூன்று தடவை ரீடேக் ஆகி, கடைசியில் முதுகைக் காட்டி உட்காரவைத்துவிட்டார்கள். அத்தை ஒரு வழி கண்டுபிடித்தார். கேமராவுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் இருப்பதை எண்ணுவது. இடது பக்கம் ஒரு சவுக்கு மரம், வலது பக்கம் ஒரு குடை. மரத்திலிருந்து குடைக்குக் கண் போகும்போது நடுவில் இருப்பதைத் தாண்டிவிடும். "அது அங்க இருக்குங்கறது ஒடம்புக்குத் தெரியும்டா. கண்ணுக்குத்தான் தெரியக் கூடாது."

அப்புறம் ஒரு படத்தில் வசனமும் கிடைத்தது. தொலைந்துபோன பையனின் அம்மா. அத்தைக்கு வயது 30, மகனாக நடித்தவருக்கு 24. இது ஒன்றும் புதுமை இல்லை. 'சர்வர் சுந்தரம்' (1964) படத்தில் நாகேஷுக்கு அம்மாவாக வந்த எஸ்.என். லட்சுமிக்கும் நாகேஷுக்கும் வயது வித்தியாசம் பெரிதாகக் கிடையாது. நாடகக் கம்பெனிகளில் புடம் போட்டு வந்தவர் எஸ்.என். லட்சுமி. சினிமா அவரை அம்மாவாக்கி, பாட்டியாக்கி, கடைசிவரை அப்படியே வைத்துக்கொண்டது. அத்தை சின்னப் பிள்ளையாக அட்டன் டவுனில் அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு, நாகேஷை விட்டுவிட்டு அந்த அம்மா நடப்பதை ஒரு வாரம் நடந்து காட்டினாராம். இவர்களுக்கெல்லாம் நாம் குணச்சித்திர நடிகை என்று பேர் வைத்திருக்கிறோம். அப்படியானால் கதாநாயகிக்குக் குணமே வேண்டாமா என்று எனக்கு எப்போதும் ஒரு சந்தேகம்.

வசனம் இரண்டு வரி. "என் புள்ளையக் காணோம்யா. யாராச்சும் பாத்தீங்களா?" படம் வந்ததும் தோட்டமே திரண்டு போய்ப் பார்த்தது. திரையில் அத்தை வாயைத் திறந்தார். வேறு யாரோ பேசினார்கள். டப்பிங் நடந்தது மெட்ராஸில், அத்தை இருந்தது கோத்தகிரியில். யாரும் கூப்பிடவில்லை. கொட்டகையில் ஒரு நிமிஷம் கசமுசா என்று சத்தம், அப்புறம் அமைதி. அத்தை மட்டும் சிரித்தாராம். அதற்குப் பிறகு வேன் வந்தபோது அவர் ஏறவில்லை.

சரி, கூத்துக்கு வருகிறேன்.

மாசி அமாவாசை கழிந்ததும் வளர்பிறையில் காமன் கம்பம் நடுவார்கள். கரும்பு, ஆமணக்குக் கொம்பு, வைக்கோல் பிரி. அதிலிருந்து பௌர்ணமி வரை ராத்திரிகளில் தப்புப் பறை அதிரும். சிவனுடைய தவத்தைக் கலைக்க மன்மதனை அனுப்புகிறார்கள். போகாதே என்று ரதி தடுக்கிறாள். போகிறான், நெற்றிக் கண்ணில் எரிகிறான். ரதி புலம்புகிறாள். மூன்றாம் நாள் உயிர் கிடைக்கிறது, ஆனால் உருவம் ரதி ஒருத்தியின் கண்ணுக்கு மட்டும்தான். எங்கள் மலைநாட்டுக்காரர்கள் இதை இங்கிருந்துதான் அங்கே கொண்டுபோனார்கள், தலைமுறைகள் கழித்துத் திரும்பக் கொண்டுவந்தார்கள். இதில் லாவணியும் உண்டு: எரிந்த கட்சி, எரியாத கட்சி என்று இரண்டு பிரிவாக உட்கார்ந்து, காமன் எரிந்தானா இல்லையா என்று பாட்டிலேயே வாதாடுவார்கள். அத்தைக்கு லாவணி பிடிக்காது. "எரிஞ்சானா எரியலையான்னு ஆம்பளைங்க விடிய விடியப் பேசுவாங்க. ரதிகிட்ட ஒரு வார்த்தை கேட்டாங்களா?"

ரதி வேஷமும் ஆண்தான் கட்டுவார். எங்கள் கூத்தில் மட்டுமா? சங்கரதாஸ் சுவாமிகள் காலத்துப் பாய்ஸ் கம்பெனிகளில் ஸ்திரீபார்ட் எல்லாம் பையன்கள். அதே காலத்தில்தான் கும்பகோணத்தில் பாலாமணி அம்மாள் பெண்களை மட்டுமே வைத்து ஒரு கம்பெனியே நடத்தினார் என்பதும், தமிழின் முதல் பேசும் படத்து (1931) நாயகி டி.பி. ராஜலட்சுமி 1936-லேயே 'மிஸ் கமலா'வை இயக்கிவிட்டார் என்பதும் எனக்கே கல்லூரிக்கு வந்த பிறகுதான் தெரியும். அத்தைக்குச் சொன்னபோது, "அவுங்களுக்கு யாரு நோட்டு எழுதிக் கொடுத்தது?" என்று கேட்டார். நடிகைக்கு வரும் கேள்வி இல்லை அது.

அத்தை மாஸ்டர் ஆனதற்குக் காரணம் தாத்தாவின் கண்புரை. பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்தில் பாட்டு நோட்டுப் படிக்க முடியவில்லை. ஆண்களில் அந்தக் கையெழுத்தைப் படிக்கத் தெரிந்தவர் யாரும் இல்லை. படுதாவுக்குப் பின்னால் டார்ச் லைட்டோடு அத்தை உட்கார்ந்தார். அடி எடுத்துக் கொடுக்க மட்டும் என்று பேச்சு. தோட்டத் தலைவர்கள் அதற்கும் முணுமுணுத்தார்கள், ஆனால் வேறு வழியில்லை.

அந்த வருஷம் ரதி கட்டியவர் தேயிலைச் செடிக்குக் கவ்வாத்து வெட்டும் அண்ணன் ஒருவர். நல்ல குரல், மாசிக்கு மட்டும் மீசையை எடுப்பார். காமன் எரிந்ததும் அவர் நிஜமாகவே அழுதுவிடுவார். மூக்கு ஒழுக, மை கரைய. ஜனம் சிரிக்கும். ஒவ்வொரு வருஷமும் அந்த இடத்தில் சிரிப்பு வரும், அதையும் கூத்தில் ஒரு பகுதியாகவே ஏற்றுக்கொண்டிருந்தார்கள். அத்தை ஒத்திகையில் சொன்னார்: "தம்பி, நீ அழாத. நான் காசுக்கு அழுதவ, சொல்றேன் கேளு. நீயே அழுதுட்டா பாக்குறவங்க எதுக்கு அழணும்?"

"அப்ப என்னக்கா செய்யிறது? சும்மா நிக்கவா?"

"தேடு."

எரிக்கும் ராத்திரி, மன்மதன் வேஷக்காரரின் ஒரு கால் சலங்கையை அத்தை முன்கூட்டியே வாங்கி, கம்பத்தடியில் மண்ணுக்குள் புதைத்துவிட்டார். எந்த இடம் என்று ரதிக்குச் சொல்லவில்லை. தேடுகிற மாதிரி நடிக்காதே, நிஜமாகவே ஒளித்துவைத்திருக்கிறேன், கண்டுபிடி என்று மட்டும் சொன்னார்.

எனக்கு அப்போது 7 வயது, மேடைக்கு முன்னால் சாக்கில் உட்கார்ந்திருந்தேன். பின்பாட்டுக்காரர்கள் புலம்பல் பாட்டைப் பாடிக்கொண்டே இருக்கிறார்கள். ரதி பாடவில்லை. சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு குந்தி உட்கார்ந்து, கொழுந்துக்குக் களை எடுக்கிற மாதிரி இரண்டு கையாலும் மண்ணைத் துழாவுகிறார். சாம்பல் இன்னும் சூடு. கையைச் சுட்டதும் உதறிக்கொள்கிறார், மறுபடி துழாவுகிறார். கிடைக்கவில்லை. பாட்டு முடிந்துவிட்டது. படுதாவுக்குப் பின்னாலிருந்து "திரும்பப் பாடுங்க" என்று அத்தையின் குரல். இரண்டாம் தடவை பாதிப் பாட்டில் 'சல்' என்று ஒரு சின்னச் சத்தம். அவர் சலங்கையை எடுத்து, ஊதி மண்ணைத் துடைத்து, முந்தானையில் முடிந்துகொண்டு எழுந்து நடந்தார். அவ்வளவுதான். அழவே இல்லை.

என் பின்னால் உட்கார்ந்திருந்த பெண்கள் பக்கத்திலிருந்து முதலில் ஒரு குரல் எழும்பியது. அப்புறம் அத்தனை பேரும். கப்பலேறும்போது அங்கேயே விட்டுவந்தவர்களின் பேர் சொல்லியெல்லாம் அழுதார்கள். கண் தெரியாத தாத்தா பதறிப்போய், "யாரு செத்தா? யாரு செத்தா?" என்று பக்கத்தில் இருந்தவரைப் பிடித்து உலுக்கினார்.

மறுநாள் பஞ்சாயத்து நடந்தது. நோட்டில் இல்லாததைச் செய்தது தப்பு, சாமி காரியம் என்றார்கள். தாத்தா ஒரே வார்த்தையில் முடித்தார்: "அடுத்த வருசமும் பொதைக்கட்டும்."

அடுத்த வருஷம்தான் கேமரா. உயிர்த்தெழும் காட்சியில் ஒரு சிக்கல் எப்போதும் உண்டு. மன்மதன் ரதிக்கு மட்டும் தெரிய வேண்டும். ஆனால் முழு அரிதாரத்தோடும் சலங்கையோடும் ஓர் ஆள் நடந்து வந்தால் மேடையில் தட்சன், தூதன், குறவன், குறத்தி எல்லோரும் அவரைத்தான் பார்ப்பார்கள். ஜனமும் விசில் அடிக்கும். கதைப்படி அவர் உருவம் இல்லாதவர் என்பது யாருக்கும் நினைவிருக்காது. அத்தை எல்லோரையும் பிரட்டுக் களத்தில், காலையில் பேர் கூப்பிடும் இடத்தில், நிறுத்தி, மன்மதனைச் சுட்டிக்காட்டிச் சொன்னார்: "அவன்தான் கேமரா. பாக்காதீங்க."

ஷூட்டிங்குக்கு வேனேறிப் போன பெண்களுக்குச் சட்டென்று புரிந்துவிட்டது, சிரித்தார்கள். ஆண்களுக்கு மரமும் குடையும் வைத்துப் பழக்க வேண்டியிருந்தது. மன்மதன் கட்டியவர்தான் உடைந்துபோனார். "அக்கா, ஒருத்தருமே பாக்கலேன்னா நான் எதுக்குக்கா வேசம் போடணும்?"

"ரதி பாப்பாள்ல?"

பெண்கள் அந்த வித்தையை மேடைக்கு வெளியேயும் கொண்டுவந்துவிட்டார்கள் என்பதுதான் யாரும் எதிர்பார்க்காதது. மூன்றாம் நாள் மன்மதன் கூட்டத்துக்கு நடுவே புகுந்து வருவார். முன் வரிசைப் பெண்கள் ஒருவர் பின் ஒருவராகக் கண்ணைத் திருப்பினார்கள். ஒரு சிறுசு "அந்தா அந்தா" என்று கத்தியது, அம்மா வாயைப் பொத்தினாள். நாலைந்து வருஷத்தில் இது வழக்கமாகிவிட்டது. இன்றைக்குப் போனால், ஆதியிலிருந்தே இப்படித்தான் என்று வயசாளிகள் சத்தியம் செய்வார்கள்.

நடுவில் தொண்ணூறுகளில் அறிவொளி இயக்கத்துக்காகத் தெருநாடகங்கள் போட்டார். அவற்றைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. கைநாட்டுக்காரர் கையெழுத்துப் போடக் கற்றுக்கொள்ளும் கதைகள், எல்லாம் நல்லபடியாக முடியும். அத்தைக்கே அதில் சுவாரசியம் குறைவு. "அதுல தேடுறதுக்கு ஒண்ணும் இல்லடா" என்பார். ரதி வேஷத்தை ஒரு தடவையாவது நீங்கள் கட்டியிருக்கலாமே என்று கேட்டிருக்கிறேன். பதில் சொல்லாமல் கட்டச் சம்பலை, எங்கள் சிலோன் மிளகாய்த் துவையலை, என் ரொட்டியில் இன்னும் கொஞ்சம் வைத்தார்.

இந்த மாசிக்குக் கோயம்புத்தூரிலிருந்து மகனைக் கூட்டிக்கொண்டு போயிருந்தேன். தோட்டத்தில் பாதி வீடுகள் பூட்டிக் கிடக்கின்றன. பிள்ளைகள் திருப்பூருக்கும் கோவைக்கும் போய்விட்டார்கள். மன்மதன் கட்டியது பனியன் கம்பெனியில் லீவு போட்டுவிட்டு வந்த பையன். நோட்டை இப்போது ஒரு பெண் பார்க்கிறாள், பிளஸ் டூ படிக்கிறவள். அத்தை முன் வரிசையில் பிளாஸ்டிக் நாற்காலியில், ஸ்வெட்டருக்கு மேல் சால்வை, அதற்கு மேல் மஃப்ளர்.

மூன்றாம் நாள் ராத்திரி பன்னிரண்டுக்கு மேல் சலங்கைச் சத்தம் கேட்டது. கூட்டம் வழி விட்டது, தலைகள் திரும்பின. நான் செல்போனை எடுத்துத் தூக்கினேன். அத்தை தலையைத் திருப்பாமலே, "அத உள்ள வைடா" என்றார். வைத்தேன். என் மகன் கண்ணை இறுக மூடிக்கொண்டிருந்தான். மூடத் தேவையில்லை என்று அவனுக்குச் சொல்லிக்கொடுக்க நேரமில்லை.

பையன் வந்தான். கன்னத்தில் பச்சை மினுங்க, கரும்பு வில்லோடு. டைரக்டரம்மாவிடம் ஆசீர்வாதம் மாதிரி ஏதாவது கிடைக்கும் என்று நினைத்தானோ என்னவோ, அவர் நாற்காலிக்கு நேர் முன்னால் வந்து நின்றான். சலங்கை நின்றது. அத்தையின் பார்வை தேயிலை ஸ்டோர்ப் பக்கத்து லைட்டுக் கம்பத்தில் தொடங்கி, அவனைத் தாண்டி, எதிர்ப்பக்கம் அடுக்கி வைத்திருந்த கூடைகளில் போய் நின்றது. பக்கத்து அம்மாவின் கையைத் தொட்டு, "டீ வந்துருச்சா?" என்று கேட்டார்.

சலங்கை நகர்ந்தது.